நாய்க்கு வயிறு உப்பி முறுக்கிக்கொள்வது: சாப்பாட்டிலும் தண்ணீரிலும் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பெரிய நாய்க்கு வயிறு உப்பினால் அதை வெறும் அஜீரணம் என்று நினைப்பதுதான் முதல் தவறு. காற்று நிறைந்து ஊதிய இரைப்பை அப்படியே திரும்பி முறுக்கிக்கொள்ளலாம். அதன்பின் காற்று ஏப்பமாக மேலேயும் வராது, கீழேயும் இறங்காது. ஊதிய இரைப்பை இதயத்துக்கு ரத்தம் திரும்பும் பெரிய சிரையை நசுக்குகிறது. மண்ணீரலும் கூடவே இழுபடலாம். சில மணி நேரத்தில் உயிரே போய்விடும். கிரேட் டேன், ஜெர்மன் ஷெப்பர்டு, டாபர்மேன் போன்ற ஆழமான நெஞ்சுக்கூடு கொண்ட இனங்களுக்கு ஆபத்து அதிகம். வயது ஏற ஏற அது கூடும். தாய்க்கோ கூடப்பிறந்ததற்கோ வந்திருந்தால் இன்னும் கவனம் வேண்டும்.

நம் வீடுகளில் நான் அதிகம் பார்ப்பது, ராத்திரி ஒரே வேளையாகத் தட்டு நிறையச் சோறும் கோழியும் வைப்பது. வேலைக்குப் போகிறவர்களுக்கு வசதிதான், ஆனால் பெரிய நாய்க்கு இது நல்லதல்ல. அதே அளவை இரண்டு வேளையாகவாவது பிரித்துக் கொடுங்கள், முடிந்தால் மூன்று.

அவசரமாக விழுங்கும் நாய் சாப்பாட்டோடு காற்றையும் விழுங்குகிறது. இரண்டு நாய்களுக்குப் பக்கத்தில் பக்கத்தில் தட்டு வைத்தால் போட்டி தானாக வரும். தனித்தனி இடத்தில் வையுங்கள். மேடு பள்ளம் உள்ள ஸ்லோ ஃபீடர் கிண்ணம் உதவும். அது இல்லாவிட்டால் அகலமான தாம்பாளத்தில் பரப்பி வைத்தாலும் போதும்.

ஸ்டாண்டில் உயர்த்தி வைத்த கிண்ணம் நல்லது என்று பலர் வாங்குகிறார்கள். 2000-ல் வெளியான அமெரிக்காவின் பர்டூ பல்கலைக்கழக ஆய்வு, பெரிய இன நாய்களுக்கு அது ஆபத்தைக் கூட்டுவதாகக் கண்டது. எல்லா ஆய்வுகளும் இதில் ஒத்துப்போகவில்லை. இருந்தாலும், கழுத்து வலி போன்ற காரணத்துக்காக டாக்டர் சொன்னால் தவிர, தரையிலேயே வைப்பதுதான் என் பரிந்துரை.

தண்ணீர் விஷயத்தில் பயம் அதிகம். உப்புசம் வரும் என்று தண்ணீரைப் பூட்டி வைக்காதீர்கள். நம் வெயிலுக்கு அது வேறு ஆபத்து. தாகத்தில் தவிக்கும் நாய் கிடைத்ததும் மடமடவென்று குடித்து, காற்றையும் விழுங்கும். நாள் முழுக்கத் தண்ணீர் இருக்கட்டும். ஓடி வந்த உடனே மட்டும், மூச்சு அடங்கும்வரை கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுங்கள். ஐஸ் தண்ணீர்தான் காரணம் என்பதற்கு ஆதாரம் கிடையாது. அப்புறம், சாப்பிட்டதும் பந்து விரட்ட வேண்டாம், ஒரு மணி நேரமாவது போகட்டும்.

எல்லாவற்றையும்விட உயிரைப் பறிக்கும் தவறு, வீட்டு வைத்தியம் பார்த்துக் காலைவரை காத்திருப்பது. வாந்தி எடுக்க முயன்றும் நுரை தவிர எதுவும் வரவில்லை, எச்சில் ஒழுகுகிறது, படுக்க முடியாமல் அலைகிறது, ஈறு வெளுத்திருக்கிறது என்றால் ஓம வாட்டரும் வேண்டாம், சோடாவும் வேண்டாம். வயிறு வீங்கித் தெரியாவிட்டாலும் கிளம்புங்கள். விலா எலும்புக்குள் வீக்கம் மறைந்திருக்கலாம். எக்ஸ்ரேயும் அறுவை சிகிச்சையும் உள்ள மருத்துவமனைக்குப் போன் செய்துகொண்டே போங்கள். இரவில் திறந்திருப்பது எது என்று இன்றே விசாரித்து வையுங்கள்.

ஆபத்து அதிகமுள்ள இனம் என்றால், இரைப்பையை வயிற்றுச் சுவரோடு சேர்த்துத் தைக்கும் கேஸ்ட்ரோபெக்சி பற்றி டாக்டரிடம் கேளுங்கள். உப்புசத்தை அது தடுக்காது, ஆனால் முறுக்கிக்கொள்வதைப் பெருமளவு தடுக்கும். கருத்தடைக்கு நாள் குறிக்கும்போதே பேசிவிட்டால், ஒரே மயக்கத்தில் இரண்டையும் முடித்துவிடலாம்.