குண்டாஸ் போட்டுவிட்டார்களா? முதலில் தேதியைக் குறித்துக்கொள்ளுங்கள்

மதுரையில் ஒரு கோர்ட்டுக்குப் பக்கத்தில் ஜாப் டைப்பிங் கடை வைத்திருக்கிறேன். மஞ்சப்பையில் கனமான காகிதக் கட்டோடு ஒரு பெண் வாசலில் தயங்கி நின்றால், அவள் வீட்டில் யார்மேலோ குண்டாஸ் விழுந்திருக்கிறது என்று எனக்குத் தெரிந்துவிடும். நானும் ஒரு காலத்தில் அப்படி நின்றவள்தான். ஷேர் ஆட்டோ ஸ்டாண்டில் நடந்த கைகலப்பில் என் தம்பி உள்ளே போனான். ஜாமீனுக்கு ஆள் தேடி அலைந்துகொண்டிருந்தோம். அதற்குள் சிறையிலேயே அவன் கையில் இன்னொரு உத்தரவைக் கொடுத்துவிட்டார்கள்.

குண்டாஸ் என்று நாம் சொல்வது குண்டர் தடுப்புச் சட்டம், 1982-ஆம் ஆண்டின் 14-வது தமிழ்நாடு சட்டம். இது தண்டனை இல்லை. இனிமேல் ஏதாவது செய்துவிடுவார் என்று சொல்லி முன்கூட்டியே அடைத்து வைப்பது. சாட்சி இல்லை, குறுக்கு விசாரணை இல்லை, அதிகபட்சம் 12 மாதம் உள்ளே வைக்கலாம். மாநகரம் என்றால் போலீஸ் கமிஷனரும், மற்ற இடங்களில் கலெக்டரும் கையெழுத்துப் போடுவார்கள். இவ்வளவு பெரிய அதிகாரத்துக்குச் சட்டம் போட்ட கடிவாளம் பெரும்பாலும் நாள் கணக்கில்தான் இருக்கிறது. அந்த நாட்களை உங்களுக்காக வேறு யாரும் எண்ண மாட்டார்கள்.

அதனால் அழுது முடித்ததும் ஒரு நோட்டு வாங்குங்கள். முதல் பக்கத்தில் இரண்டு தேதி வேண்டும்: உத்தரவில் கையெழுத்தான தேதி, அது உள்ளே இருப்பவர் கையில் கிடைத்த தேதி. கையெழுத்தான நாளிலிருந்து 12 நாளுக்குள் மாநில அரசு அதற்கு ஒப்புதல் தர வேண்டும். தராவிட்டால் அந்த உத்தரவு செல்லாது. தடுப்புக் காவல் தொடங்கிய 5 நாளுக்குள் அதற்கான காரணங்களை எழுத்தில் கொடுக்க வேண்டும். காவல் தொடங்கிய அதே நாளிலிருந்து 3 வாரத்துக்குள் விஷயம் அறிவுரைக் கழகத்துக்கு, அதாவது அடைத்து வைக்கப் போதிய காரணம் இருக்கிறதா என்று பார்க்கும் குழுவுக்குப் போக வேண்டும், 7 வாரத்துக்குள் அவர்கள் அறிக்கை வர வேண்டும். போதிய காரணம் இல்லை என்று கழகம் சொல்லிவிட்டால் அரசு விடுவித்தே ஆக வேண்டும்.

அப்புறம் அந்தக் காகிதக் கட்டு. வக்கீல்கள் புக்லெட் என்பார்கள். உத்தரவு, காரணங்கள், எஃப்ஐஆர், பழைய வழக்கில் காவலில் வைக்கச் சொன்ன ரிமாண்ட் உத்தரவு எல்லாம் அதில் இருக்கும். தரையில் பரப்பி ஒவ்வொரு பக்கமாகப் பாருங்கள். நானும் என் அம்மாவும் இரண்டு ராத்திரி பார்த்தோம். எந்தப் பக்கம் மங்கி வாசிக்க முடியாமல் இருக்கிறது, எது விட்டுப்போயிருக்கிறது, எது ஆங்கிலத்தில் மட்டும் இருக்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். தம்பி ஏழாவதோடு நின்றவன். அவனுடைய ரிமாண்ட் உத்தரவு ஆங்கிலத்தில் மட்டுமே இருந்தது. இது அற்ப விஷயம் இல்லை. தமிழ் மட்டும் தெரிந்த ஒரு பெண்ணுக்கு ரிமாண்ட் உத்தரவின் தமிழ் மொழிபெயர்ப்பைக் கொடுக்காததற்காகவே உச்ச நீதிமன்றம் 1999-ல் தமிழ்நாட்டு உத்தரவு ஒன்றை ரத்து செய்திருக்கிறது. என்ன எழுதியிருக்கிறது என்றே புரியாதவர் எப்படிப் பதில் சொல்வார்?

காரணங்களில் ஒரு வரியைக் கட்டாயம் தேடுங்கள்: ‘ஜாமீனில் வெளியே வந்துவிட வாய்ப்பு உள்ளது’. ஏற்கெனவே சிறையில் இருப்பவர்மேல் உத்தரவு போட்டால் அந்த வரி எதன்மேல் நிற்கிறது என்று காட்ட வேண்டும். உத்தரவு போட்ட அன்று ஜாமீன் மனு நிலுவையில் இருந்ததா? இதே மாதிரி வழக்கில் வேறொருவருக்கு ஜாமீன் கிடைத்தது என்று எழுதியிருந்தால் அதன் விவரம் இருக்கிறதா? 2011-ல் ரேகா எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் இந்த இடத்தில்தான் உத்தரவு உடைந்தது.

நடந்த சம்பவத்தையும் பாருங்கள். பொது ஒழுங்கு கெடும் என்று சொல்லித்தான் குண்டாஸ் போடுவார்கள். இரண்டு குடிகாரர்கள் சண்டை போட்டால் அது பொது ஒழுங்கைக் கெடுப்பது ஆகாது என்று 1965-ல் ராம் மனோகர் லோகியா வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. இரண்டு பேர் அடித்துக்கொண்டதற்கு இருக்கவே இருக்கிறது சாதாரண சட்டம். ஊர் மக்களின் அன்றாட வாழ்க்கை குலைந்ததா என்பதுதான் கேள்வி.

இதையெல்லாம் வைத்து மனு எழுதுங்கள். அரசமைப்புச் சட்டத்தின் 22(5) பிரிவு தரும் உரிமை இது. உத்தரவு போட்ட அதிகாரிக்கு ஒன்று, கோட்டையில் இருக்கும் உள்துறைச் செயலாளருக்கு ஒன்று. அதிகாரிக்கு அனுப்புவது அரசு ஒப்புதல் தரும் முன்பே போய்ச் சேர வேண்டும். நீளமாக வேண்டாம், ஒன்றரைப் பக்கம் போதும். உத்தரவு எண், தேதி, சிறை, குறையுள்ள பக்க எண்கள், தமிழ்ப் பிரதி வேண்டும் என்ற கோரிக்கை. உள்ளே இருப்பவர் சிறை வழியாகக் கொடுக்கட்டும், நீங்களும் போய்ச் சேர்ந்ததற்கான ஒப்புகையோடு ஸ்பீட் போஸ்டில் அனுப்புங்கள். அந்த ஒப்புகையைத் தொலைத்துவிடாதீர்கள். மனுவைக் காரணமில்லாமல் கிடப்பில் போட்டிருந்தால், அந்தத் தாமதமே உத்தரவை ரத்து செய்யப் போதுமானதாகலாம். எங்கள் மனு ஒரு மேஜையில் பல நாள் கிடந்ததை அன்று பதிவுத் தபாலில் வந்த ஒப்புகை அட்டைதான் காட்டிக்கொடுத்தது.

அறிவுரைக் கழகத்தின் முன் வக்கீல் வைத்துக்கொள்ளும் உரிமை கிடையாது. வக்கீல் தொழில் செய்யாத நண்பரோ உறவினரோ உடன் நின்று பேச அனுமதி கேட்கலாம். கேளுங்கள். பயந்துபோனவர் தனியாக நின்றால் வாய் வராது.

கழகத்தின் முடிவுக்காகக் காத்திருக்காமல் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுவும் போடலாம்; சட்டத்துக்குப் புறம்பாக அடைத்து வைத்திருப்பவரை விடுவிக்கக் கேட்கும் மனு அது. தென் மாவட்டக்காரர்களுக்கு மதுரைக் கிளை, மற்றவர்களுக்குச் சென்னை. அம்மா, மனைவி, நண்பர் யார் வேண்டுமானாலும் போடலாம். வக்கீலுக்குப் பணம் இல்லை என்றால், காவலில் இருப்பவருக்குச் சட்டப்படி இலவச உதவி உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100-க்கு போன் போடுங்கள். இதற்காக யாரும் தாலியை அடகு வைக்க வேண்டாம்.

இன்னொன்று. குண்டாஸ் ரத்தானாலும் பழைய வழக்கு அப்படியே இருக்கும். அதில் ஜாமீன் இல்லாவிட்டால் கதவு திறக்காது. எங்களுக்கு அது தெரியவில்லை. ரத்து உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு சிறை வாசலில் சாயங்காலம் வரை நின்றோம். ஜாமீன்தாரர் இரண்டு பேரைப் பிடித்து, சொத்துவரி ரசீது வாங்கி, தம்பி வெளியே வர மேலும் நான்கு நாள் ஆயிற்று. ஜாமீன் வேலையையும் கூடவே பார்த்துவிடுங்கள்.