சிலுவைப் போர்களைப் படிக்கிறீர்களா? எழுதிய ஆண்டையும் பாருங்கள்

ஒவ்வொரு மூல நூலுக்கும் பக்கத்தில் அது எழுதப்பட்ட ஆண்டைக் குறித்துக்கொள்ளுங்கள். 1095 நவம்பரில் பிரான்ஸின் கிளெர்மோன்ட் நகரில் போப் இரண்டாம் அர்பன் முதல் சிலுவைப் போருக்கு அழைத்து ஆற்றிய உரை பல வடிவங்களில் கிடைக்கிறது. எல்லாரும் மேற்கோள் காட்டுபவை 1099-ல் ஜெருசலேம் சிலுவைப் படைகளிடம் பிடிபட்ட பிறகு எழுதப்பட்டவை. வெற்றி தெரிந்தவர்களின் உற்சாகம் அவற்றில் கலந்திருக்கும். அதனால் 1095 இறுதியில் அர்பனே ஃபிளாண்டர்ஸ் மக்களுக்கு எழுதிய கடிதத்தை முதலில் படியுங்கள். சின்னக் கடிதம்தான், ஆனால் நான் அதையே அதிகம் நம்புவேன்.

அப்புறம், போர்க்களத்தோடு நின்றுவிடாதீர்கள். சிரியாவின் ஷைசரைச் சேர்ந்த, பன்னிரண்டாம் நூற்றாண்டு முஸ்லிம் பிரபு உசாமா இப்னு முன்கித் முதுமையில் எழுதிய நினைவுகளை அவசியம் படிக்க வேண்டும். ஜெருசலேமில் தொழுதுகொண்டிருந்த அவரை, ஐரோப்பாவிலிருந்து புதிதாக வந்த ஒருவன் பிடித்து, கிறிஸ்தவர்கள் தொழும் கிழக்குப் பக்கம் திருப்புகிறான். டெம்ப்ளர் என்ற கிறிஸ்தவத் துறவிப் படையின் வீரர்கள் அவனை விலக்கிவிட்டு உசாமாவிடம் மன்னிப்புக் கேட்கிறார்கள். புதிதாக வந்தவர்களுக்கும் அங்கேயே ஊன்றிப்போனவர்களுக்கும் இருந்த இடைவெளி இதில் நன்றாகத் தெரிகிறது. அவர் சுவையாகக் கதை சொல்பவர் என்பதையும் நினைவில் வையுங்கள்.

1096-ல் ஜெர்மனியின் வோர்ம்ஸ், மைன்ஸ் நகரங்களில் யூதர்கள் சிலுவைப் போராளிகளால் கொல்லப்பட்டதை எபிரேய வரலாற்றுக் குறிப்புகள் சொல்கின்றன. அவற்றையும் சேர்த்தே படியுங்கள்.