யாரையும் நடிக்க வெக்காம அன்றாட வாழ்க்கைய டாக்குமென்டரியா எடுக்குறது எப்படி

முதல் ரெண்டு மூணு நாள் கேமரா பையிலயே இருக்கட்டும். சும்மா கூட இருங்க. எப்போ எந்திரிக்கிறாங்க, வெளிச்சம் எந்த ஜன்னல் வழியா வருது, வீட்டுல யாருக்கு கேமரான்னாலே கூச்சம், இதெல்லாம் அப்போ தான் பிடிபடும். என்ன எடுக்கப்போறோம், எங்க காட்டப்போறோம்னு தெளிவா சொல்லி சம்மதம் வாங்கிடுங்க, ஆனா கையெழுத்து வாங்கியாச்சுன்னு இருந்துடக்கூடாது, நடுவுல ‘இது வேணாம்’னு சொன்னா அந்த நிமிஷமே கேமராவ இறக்கிடணும்.

லென்ஸ் ஒண்ணு போதும், 35 எம்எம் நல்லாருக்கும். தூரத்துல நின்னு ஜூம் போட்டா ஒளிஞ்சு பாக்குற மாதிரி ஆயிடுது, பக்கத்துல உக்காந்து எடுத்தா தான் அந்த ரூம்ல நாமளும் இருக்கோம்னு தோணும். ரெக்கார்டிங் லைட் சிவப்பா எரிஞ்சா ஒரு துண்டு டேப் ஒட்டி மறைச்சுடுங்க.

என்னைக் கேட்டா கேமராவ விட சவுண்டுக்கு தான் கவலைப்படணும். 1960கள்ல தோள்ல வெச்சு எடுக்குற 16 எம்எம் ஃபிலிம் கேமராவும், அதோட சேர்ந்து ஓடுற நாக்ரா மாதிரி டேப் ரெக்கார்டரும் கைக்கு வந்த அப்புறம் தான் இந்த பாணியே வளர்ந்துச்சு. அமெரிக்க டாக்குமென்டரி இயக்குநர் ஃப்ரெடரிக் வைஸ்மன் கேமராவ இன்னொருத்தர்கிட்ட குடுத்துட்டு மைக்க தானே புடிச்சாரு, அவர் படங்கள்ல வாய்ஸ் ஓவரும் இல்ல பேட்டியும் இல்ல, அதனால அங்க பேசுறது காதுல சரியா விழலேன்னா படமே இல்ல. ஹெட்ஃபோன கழட்டாதீங்க. ஒவ்வொரு இடத்துலயும் யாரும் பேசாம ஒரு நிமிஷம் வெறும் ரூம் சத்தத்த எடுத்து வெச்சுக்குங்க, எடிட்ல வெட்டுன இடம் தெரியாம ஒட்ட அது தான் உதவும்.

அப்புறம் ரொம்ப முக்கியமானது, வேலை முடிஞ்சதும் கட் பண்ணாதீங்க. ஒரு அம்மா தையல் மெஷின்ல தெச்சுட்டு இருக்காங்க, நூல் அறுந்துடுது. நுனிய எச்சில்ல நனைச்சு, கண்ண இடுக்கி, ஊசிக் காதுல கோக்க பாக்குறாங்க, போகல, திரும்ப நனைக்கிறாங்க, அப்பவும் போகல, மெதுவா மகள் பக்கம் திரும்புறாங்க. அவங்களுக்கு வயசாயிடுச்சுங்கறது அந்த திரும்புறதுல தான் இருக்கு, நூல் அறுந்ததோட நிறுத்தியிருந்தா அது போயிருக்கும். காரியம் முடிஞ்ச அப்புறமும் மனசுக்குள்ள பத்து எண்ணிட்டு நிறுத்துங்க. எதாவது மிஸ் ஆச்சுன்னா ‘இன்னொரு தடவ பண்ணுங்க’ன்னு மட்டும் கேட்டுடாதீங்க, ஒரு தடவ கேட்டுட்டா அதுக்கப்புறம் அவங்க எல்லாத்தையும் நமக்காக பண்ண ஆரம்பிச்சுடுவாங்க.

ஃபுட்டேஜ் மலை மாதிரி சேரும். தினமும் ராத்திரியே பாத்து யாரு, எங்க, என்ன நடந்துச்சுன்னு குறிச்சு வெச்சிடுங்க. எடிட் பண்ணும்போது ஒருத்தர் சொன்ன பதில வேற கேள்விக்கு ஒட்டுறது, சிரிச்சத வேற இடத்துல சொருகுறது, இதெல்லாம் வேணவே வேணாம், அது அவங்க வாழ்க்கை. வெளியிடுறதுக்கு முன்னாடி அவங்கள உக்கார வெச்சு முழுசா போட்டுக் காட்டுங்க, எடிட்டிங்ல மாத்துறதுக்கு கொஞ்ச நாள் கையில இருக்கும்போதே.