பி.ஏ.எச். என்பது வாடகைப் பணம் இல்லை: அமெரிக்கப் படையினர் வீட்டுப் படித்தொகையில் செய்யும் தவறுகள்

"ஆன்ட்டி, எனக்கு மாசம் 2,400 டாலர் பி.ஏ.எச். வருது, வீடு 1,700-க்கே கிடைச்சிருச்சு. மீதி 700-ஐத் திருப்பிக் கட்டணுமா?" போன வருடம் கல்யாணமாகி பாரக்ஸ் என்ற படை விடுதியை விட்டு வெளியே வந்த, நண்பர் வீட்டுப் பையன் கேட்டது. பி.ஏ.எச். என்பது படையினருக்குச் சம்பளத்தோடு வரும் வீட்டுப் படித்தொகை. வேண்டாம்ப்பா, அது உன் காசு என்றேன். அவனுக்கு நம்பிக்கை வரவில்லை. ஜெர்மனியில் இருக்கும் அவன் சிநேகிதன் நேர்மாறாகச் சொல்லியிருக்கிறான். வேடிக்கை என்னவென்றால் இருவர் சொன்னதும் சரிதான், இரண்டும் வேறு வேறு படி.

அமெரிக்காவின் 50 மாநிலங்களுக்குள் வேலை என்றால் பி.ஏ.எச்., அலாஸ்காவும் ஹவாயும் இதில் சேர்த்தி. அதற்கு வெளியே போனால், ஜெர்மனி, ஜப்பான், கொரியா மட்டுமில்லை, குவாமும் போர்ட்டோ ரிக்கோவும்கூட, ஓ.எச்.ஏ. (வெளிநாட்டு வீட்டுப் படித்தொகை) என்று இன்னொன்று. ஓ.எச்.ஏ.யில் வாடகை ஒப்பந்தத்தைக் காட்ட வேண்டும், அதில் இருக்கும் தொகைதான் கிடைக்கும், அதற்கும் ஓர் உச்சவரம்பு உண்டு. சிக்கனமாக வீடு பிடித்தால் மிச்சம் அரசாங்கத்துக்கு, உங்களுக்கு இல்லை. பி.ஏ.எச். அப்படியில்லை. நீங்கள் என்ன வாடகை கொடுக்கிறீர்கள் என்று யாரும் கேட்கப் போவதில்லை, குறைவாகக் கொடுத்தால் லாபம், கூடுதலாகக் கொடுத்தால் கைக்காசு.

என் கணவர் சீருடைக்காரர், வீட்டுக் கணக்கு என் பொறுப்பு. ஐந்து இடமாற்றம் பார்த்த பிறகு எனக்குத் தோன்றுவது இதுதான்: இந்தப் படியைப் பற்றி நடக்கும் தவறுகளில் பெரும்பாலானவை, இதை நம் வீட்டு வாடகைக்காகத் தரும் பணம் என்று நினைப்பதால் வருகிறவை. இது உங்கள் வீட்டைப் பார்த்துப் போட்ட கணக்கே இல்லை. மூன்றே விஷயம்: உங்கள் ரேங்க், வேலை பார்க்கும் இடத்தின் ஜிப் கோடு (அஞ்சல் குறியீடு), உங்களைச் சார்ந்து யாராவது இருக்கிறார்களா இல்லையா. அவ்வளவுதான்.

அந்தக் கணக்கு எப்படி வருகிறது என்று கொஞ்சம் தெரிந்தால் பாதிக் குழப்பம் போய்விடும். நாட்டைச் சுமார் 300 ராணுவ வீட்டுப் பகுதிகளாகப் பிரித்து, ஒவ்வொன்றிலும் ஒரு படுக்கையறை அபார்ட்மென்டிலிருந்து நான்கு படுக்கையறைத் தனி வீடு வரை ஆறு வகை வீடுகளுக்கு வாடகை எவ்வளவு, கரண்ட், வெப்பம், தண்ணீர் எவ்வளவு என்று ஒவ்வொரு வருடமும் எடுக்கிறார்கள், அதை வைத்து ஜனவரி 1-ஆம் தேதி புதிய விகிதம் வரும். குடும்பம் உள்ள இ-5 ரேங்க்காரருக்கு இரண்டு படுக்கையறை டவுன்ஹவுஸ் (வரிசை வீடு), அதற்கு அடுத்த ரேங்க்கான இ-6-க்கு மூன்று படுக்கையறை டவுன்ஹவுஸ் என்று ஓர் அளவுகோல் வைத்திருக்கிறார்கள். ஆக, குடும்பத்தோடு இருக்கும் இ-5 ஒருவர் நான்கு படுக்கையறைத் தனி வீட்டைப் பார்த்துவிட்டு "படி போதவில்லையே" என்று வருத்தப்பட்டால், அந்த வீட்டுக்காக யாரும் படி தரவில்லை என்பதுதான் பதில். நான்கு குழந்தைகள் இருந்தாலும் இதுதான். சார்ந்திருப்பவர் ஒருவர் என்றாலும் ஐந்து பேர் என்றாலும் ஒரே தொகை. இரண்டாவது குழந்தை பிறந்ததும் படி ஏறும் என்று நம்பிப் பெரிய வீட்டுக்கு முன்பணம் கட்டிய தம்பதி ஒன்றை எனக்குத் தெரியும்.

அந்த அளவுகோல் வீட்டுக்குக்கூட முழுப் பணம் வராது. 2015-க்கு முன்பு முழுசாகத் தந்துகொண்டிருந்தார்கள். பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, 2019-லிருந்து தேசிய சராசரி வீட்டுச் செலவில் 5 சதவீதத்தை நம் தலையில் வைத்துவிட்டார்கள், வீட்டுப் பொருள் காப்பீட்டுக்கான பங்கையும் 2015-லேயே கணக்கிலிருந்து எடுத்தாயிற்று. இதில் பலர் கவனிக்காத ஒன்று உண்டு. அந்த 5 சதவீதம் உங்கள் ஊர் வாடகையில் 5 சதவீதம் இல்லை, ஒரே ரேங்க் ஆட்களுக்கு நாடு முழுக்க ஒரே டாலர் தொகை. அதனால் வாடகை மலிவான ஊரில் இருப்பவருக்குத்தான் அந்த வெட்டு கூடுதலாக உறைக்கும்.

அடுத்தது ஜிப் கோடு. வீடு எங்கே என்பது முக்கியமில்லை, பேஸ் (படைத்தளம்) எங்கே என்பதுதான் முக்கியம். இதை நம் ஆட்கள் எப்படித் தவறவிடுகிறார்கள் என்று சொல்கிறேன். கணவருக்கு ஓக்லஹோமாவின் ஃபோர்ட் சில்லில் போஸ்டிங், மனைவிக்குச் சான் ஹோசேயில் ஐ.டி. வேலை, குழந்தையும் அங்கே பள்ளியில், அதனால் குடும்பம் கலிஃபோர்னியாவிலேயே இருந்துவிடலாம் என்று முடிவு. நியாயமான முடிவுதான். ஆனால் படி ஓக்லஹோமா கணக்கில் வரும், சான் ஹோசே வாடகையில் அது எந்த மூலைக்கு? குடும்பம் இருக்கும் இடத்தை வைத்துப் படி தரும் விதிவிலக்குகள் சில உண்டு, குடும்பத்தை அழைத்துப்போக முடியாத வெளிநாட்டுப் பணி அதில் ஒன்று. மற்றபடி அனுமதி கேட்டு வாங்க வேண்டும், அதையும் முன்கூட்டியே. குடியேறிவிட்டு, ஒப்பந்தத்தில் கையெழுத்தும் போட்டுவிட்டு, அப்புறம் மனுப் போடுவது வேலைக்கு ஆகாது.

டிசம்பரில் புதிய பட்டியல் வந்ததும் ஒரு பதற்றம் ஓடும். "நம்ம பேஸுக்குக் குறைச்சிட்டாங்க!" குறைத்தாலும் நீங்கள் அதே இடத்தில் இருக்கும்வரை உங்கள் தொகை இறங்காது, ஏறினால் ஏறும். விகிதப் பாதுகாப்பு என்று இதற்குப் பெயர். இது போவது மூன்று வழியில்: இடமாற்றம், ரேங்க் குறைப்பு, சார்ந்திருப்பவர் நிலை மாறுவது. அதனால் ஒரே அலுவலகத்தில் ஒரே ரேங்க்கில் இருக்கும் இரண்டு பேருக்கு வேறு வேறு தொகை வருவது சாதாரணம், பக்கத்து மேஜைக்காரரின் படியைக் கேட்டு வயிறெரிய வேண்டாம். ஆபத்து எங்கே என்றால், இப்போது வருவதை நிரந்தரம் என்று நினைப்பதில். 2023-ல் சராசரியாக 12.1 சதவீதம் ஏறியது, அடுத்த இரண்டு வருடமும் 5.4 சதவீதம் வீதம். அந்த ஏற்றத்தைப் பார்த்துப் புது கார் தவணையை ஆரம்பித்துவிட்டு, அடுத்த போஸ்டிங் மலிவான ஊருக்கு வந்ததும் முழித்தவர்கள் நிறையப் பேர்.

வீடு வாங்குகிறவர்கள் இதைவிட ஆழமாக மாட்டிக்கொள்கிறார்கள். வி.ஏ. கடன் என்று படையினருக்கு அரசு உத்தரவாதத்தோடு கிடைக்கும் வீட்டுக்கடனில் முன்பணம் இல்லாமலே வாங்கலாம், கடன் கொடுப்பவர் பி.ஏ.எச்.-ஐயும் வருமானமாக எடுத்துக்கொள்வார், அதற்கு வரி இல்லை என்பதால் அதன் மதிப்பை இன்னும் கொஞ்சம் உயர்த்தியே பார்ப்பார். தவணை சரியாகப் படித் தொகைக்கு வந்து நிற்கும், வீட்டு ஏஜென்ட்டும் "உங்க பி.ஏ.எச்.-லயே அடைஞ்சிடும்" என்பார். சரி, மூன்று வருடம் கழித்து இடமாற்றம் வந்தால்? படி புது ஊர்க் கணக்குக்குப் போய்விடும், வீடு பழைய ஊரிலேயே நிற்கும். வாடகைக்கு விட்டால் தவணையும் சொத்து வரியும் காப்பீடும் பராமரிப்பும் அதில் அடையுமா என்ற கணக்கை வாங்குவதற்கு முன்பே போட்டிருக்க வேண்டும். பணியை விட்டு வெளியே வந்தால் அந்தப் படியே கிடையாது. ஆனால் ஒரு நல்ல செய்தியும் உண்டு, பலருக்குத் தெரியாது: பி.ஏ.எச். வரியில்லாத பணமாக இருந்தாலும், அதை வைத்துக் கட்டும் வீட்டுக்கடன் வட்டியையும் சொத்து வரியையும் வருமான வரியில் கழிவாகக் காட்ட அனுமதி இருக்கிறது.

இப்போது எங்கள் வீட்டுக் கதை. விலை அதிகமான ஊரிலிருந்து மலிவான ஊருக்கு மாறினோம். புது இடத்தில் ரிப்போர்ட் செய்ததற்கு முந்தைய நாள் வரை பழைய விகிதம், அன்றிலிருந்து புது விகிதம், அதுதான் விதி. ஆனால் சம்பளப் பிரிவில் யாரோ ஜிப் கோடை மாற்றவில்லை, நான்கு மாதம் பழைய தொகையே வந்தது. நான் எல்.இ.எஸ். என்ற மாதச் சம்பளச் சீட்டில் மொத்தத் தொகையை மட்டும் பார்ப்பேன், ஜிப் கோடு என்று ஒரு கட்டம் அதில் இருப்பதே அப்போதெல்லாம் என் கண்ணில் பட்டதில்லை. ஐந்தாவது மாதம் கடன் என்று ஒரு வரி வந்து, பிடிக்க ஆரம்பித்துவிட்டார்கள். தவறு எங்களுடையது இல்லையே என்று வாதாடிப் பார்த்தோம். கூடுதலாக வந்த பணத்தை, யார் தவறாக இருந்தாலும், திரும்ப எடுத்துக்கொள்வார்கள். இப்போதெல்லாம் மைபே என்ற சம்பள இணையதளத்தில் சீட்டு வந்த அன்றே ஜிப் கோடு, சார்ந்திருப்பவர் நிலை, படியின் வகை மூன்றையும் பார்த்துவிட்டுத்தான் மறுவேலை.

காகிதத் தாமதம் இரண்டு திசையிலும் நடக்கும். கல்யாணத்தை டீர்ஸ் என்ற படைக்குடும்பப் பதிவேட்டில் பதிய இரண்டு மாதம் ஆனால் நிலுவை பிறகு வந்துவிடும், எரிச்சல்தான், நஷ்டமில்லை. விவாகரத்தைச் சொல்ல இரண்டு வருடம் ஆனால் அந்த இரண்டு வருட வித்தியாசமும் மொத்தமாகத் தலையில் விழும், வேண்டுமென்றே மறைத்ததாகத் தெரிந்தால் அது வெறும் கடனாக நிற்காது, பொய் வாக்குமூலம், திருட்டு என்று ராணுவச் சட்டத்தின் 107, 121-ஆம் பிரிவுகளில் வழக்காகும். பாரக்ஸிலிருந்து தப்பிக்கவும் படி வாங்கவும் மட்டும் ஒப்புக்குக் கல்யாணம் செய்வது இளசுகளிடையே ஒரு ஜோக் மாதிரி ஓடுகிறது. அது ஜோக் இல்லை, வேலையும் போய் ஜெயிலுக்கும் போனவர்கள் இருக்கிறார்கள்.

கணவன் மனைவி இருவரும் படையில் என்றால், குழந்தை இல்லாதவரை இருவருக்கும் தனியாள் விகிதம், குழந்தை வந்தால் ஒருவருக்கு மட்டும் குடும்ப விகிதம். இருவரும் அதே குழந்தையைக் காட்டக் கூடாது.

நம் வீடுகளில் அடிக்கடி வரும் கேள்வி அப்பா அம்மா பற்றியது. "நான்தான் பணம் அனுப்பறேன், அவங்களைச் சேர்க்கலாமா?" சேர்க்கலாம், ஆனால் அனுப்புகிறேன் என்ற சொல் போதாது. அவர்களுடைய செலவில் பாதிக்கு மேல் உங்களிடமிருந்து வர வேண்டும், அதற்குக் காகிதம் வேண்டும். அப்பாவுக்கு ஓய்வூதியம் நன்றாக வருகிறது, நீங்கள் பண்டிகைக்கு ஏதோ அனுப்புகிறீர்கள் என்றால் மனு நிற்காது. மாதா மாதம், உங்கள் கணக்கிலிருந்து அவர்கள் கணக்குக்கு, தேதியோடு போயிருந்தால் நிரூபிப்பது சுலபம். தம்பி கணக்குக்கு அனுப்பி அவன் எடுத்துக் கொடுப்பான் என்கிற ஏற்பாட்டை நிரூபித்துக் காட்டுவதற்குள் தாவு தீர்ந்துவிடும்.

பேஸுக்குள் குடியிருப்பவர்களும் ஏமாறுகிறார்கள், அது வேறு மாதிரி. 1996-க்குப் பிறகு பேஸ் வீடுகளில் பெரும்பகுதி தனியார் நிறுவனங்களின் கைக்குப் போய்விட்டது. அங்கே பெரும்பாலும் உங்கள் முழுப் படியும் வாடகையாகப் போகும், படி ஏறினால் வாடகையும் ஏறும், பதவி உயர்வு வந்தால் அதே வீட்டுக்கு, அதே ஒழுகும் குழாய்க்கு, கூடுதல் வாடகை. பிள்ளைகள் பள்ளி பக்கத்தில், வாசலில் பாதுகாப்பு என்றெல்லாம் காரணம் இருந்தால் போங்கள், ஆனால் "வாடகை இல்லாத வீடு" என்று நினைத்துப் போகாதீர்கள். பூஞ்சை, ஈயப் பெயின்ட் என்று 2018, 2019-ல் பெரிய சர்ச்சையாகி, 2020 நிதியாண்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் குடியிருப்போர் உரிமைகள் என்று ஒரு பட்டியலே எழுதினார்கள். வீட்டின் ஏழு வருடப் பராமரிப்பு வரலாற்றைக் கேட்கும் உரிமை அதில் இருக்கிறது. கையெழுத்துப் போடுவதற்கு முன் கேளுங்கள், பாதிப் பேர் கேட்பதில்லை.

ரிசர்வ், நேஷனல் கார்ட் என்ற பகுதிநேரப் படை ஆட்களுக்கு ஒரு வரி: பயிற்சி ஆணை 30 நாளோ அதற்குக் குறைவோ என்றால் பொதுவாக ஜிப் கோடே பார்க்காத தனி விகிதம், பெரும்பாலும் சின்னது. 31-வது நாள் சேர்ந்தால்தான் வழக்கமான பி.ஏ.எச். பணியை முடித்து ஜி.ஐ. பில் என்ற படிப்பு உதவித் திட்டத்தில் படிப்பவர்களுக்கு வரும் வீட்டுத்தொகை குடும்பமுள்ள இ-5 விகிதத்தை ஒட்டியது, ஆனால் ஜிப் கோடு கல்லூரியுடையது, முழுக்க ஆன்லைன் படிப்பு என்றால் தேசிய சராசரியில் பாதிதான், செமஸ்டர் இடைவெளியில் வராது. டிசம்பர் கடைசியில் விடுமுறைக்கும் சேர்த்துப் பணம் வரும் என்று இருந்துவிட்டு ஜனவரி வாடகைக்குக் கடன் கேட்பது வருடா வருடம் நடக்கிறது.

கடைசியாக வாடகை ஒப்பந்தம். இடமாற்ற ஆணையோ 90 நாளுக்குக் குறையாத டெப்ளாய்மென்ட் (களப்பணி) ஆணையோ வந்தால், எஸ்.சி.ஆர்.ஏ. என்ற 2003-ஆம் வருடச் சட்டப்படி அபராதமில்லாமல் ஒப்பந்தத்தை முறிக்கலாம். வாய்வார்த்தையாகச் சொன்னால் செல்லாது, எழுத்தில், ஆணையின் நகலோடு கொடுக்க வேண்டும், அடுத்த வாடகை நாளிலிருந்து 30 நாள் கழித்து முடியும். மார்ச் 20 கொடுத்தால் ஏப்ரல் 1-லிருந்து 30 நாள். ஏப்ரல் 2-ஆம் தேதி கொடுத்தால் மே 1-லிருந்துதான் எண்ண ஆரம்பிப்பார்கள், இரண்டு வாரச் சோம்பலுக்கு ஒரு மாத வாடகை போய்விடும். பேஸுக்குள் வீடு கிடைத்துவிட்டது, அங்கே போக ஆசை என்பதற்கெல்லாம் இந்தச் சட்டம் உதவாது, அதற்கு ஒப்பந்தத்திலேயே தனி ஷரத்து எழுதி வாங்க வேண்டும். அப்புறம் சில வீட்டுக்காரர்கள் ஒப்பந்தத்தோடு இன்னொரு தாளையும் சேர்த்து நீட்டுவார்கள், இந்தச் சட்டத்தின் உரிமையை விட்டுக்கொடுக்கிறேன் என்று அதில் இருக்கும். அதைத் தனியே எடுத்து வைத்துவிட்டு மற்றதில் மட்டும் கையெழுத்துப் போடுங்கள்.