லூசியஸ் என்று பெயர் வைக்குமுன்

என் மகன் சரக்குக் கப்பலில் இன்ஜினியர். மருமகளுக்கு ஏழாம் மாதம் நடந்துகொண்டிருந்தபோது ஜெனோவா துறைமுகத்திலிருந்து கூப்பிட்டு, "அம்மா, பையன் பிறந்தால் லூசியஸ்" என்றான். கப்பலில் சமையல்காரர் இத்தாலியர், பெயர் லூச்சோ. அந்தப் பெயரின் பழைய இலத்தீன் வடிவம் லூசியஸ், பொருள் ஒளி. அவன் சொன்ன காரணம் அவ்வளவுதான்.

நான் உடனே தலையாட்டவில்லை. தூத்துக்குடியில் 31 வருடம் வருகைப் பதிவேடு வாசித்தவள் நான். ஒரு பெயரை வகுப்பறை என்ன பாடுபடுத்தும் என்று எனக்குத் தெரியும். அந்தப் பெயரின் முதல் இரண்டு எழுத்தை வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். பிள்ளை மூன்றாம் வகுப்புக்குப் போவதற்குள் 'லூசு' ஆகிவிடுவான். ரோமாபுரியை ஆண்ட பெயராயிருந்தாலும் நம் ஊர்ப் பள்ளிக்கூடத்து மணியடிக்கும் நேரத்தில் அதற்கு அந்தக் கதிதான்.

ஆனாலும் பேரனுக்கு அந்தப் பெயரைத்தான் வைத்தோம், ஓர் ஒலியை மட்டும் மாற்றி. எப்படி வைத்தீர்கள் என்று தெருவில் இரண்டு பேரும், மருமகளின் தோழி ஒருத்தியும் கேட்டுவிட்டதால் வரிசையாக எழுதுகிறேன்.

முதல் வேலை, பொருளை உறுதிசெய்துகொள்வது. இலத்தீனில் 'லூக்ஸ்' என்றால் ஒளி. வேற்றுமை ஏறும்போது அது 'லூக்கிஸ்' ஆகும். அந்த வேரிலிருந்து வந்த பெயர் இது. விடியற்காலை வெளிச்சத்தில் பிறந்தவன் லூசியஸ் என்று கிறிஸ்துவுக்கு முந்தைய நூற்றாண்டிலேயே வார்ரோ என்ற ரோமானிய அறிஞர் விளக்கம் எழுதியிருக்கிறார். எங்கள் பிள்ளை பிறந்தது காலை 5.40-க்கு. இதைக் கேட்டதும் என் எதிர்ப்பில் பாதி கரைந்துவிட்டது.

இன்று இதை அரிய பெயர் என்கிறோம். ரோமில் நடுத்தெருவில் நின்று இந்தப் பெயரைக் கூப்பிட்டிருந்தால் நாலு பேராவது திரும்பிப் பார்த்திருப்பார்கள். அவர்களிடம் புழக்கத்திலிருந்த முதற்பெயர்களே சுமார் 18 தான். ஆகவே கல்வெட்டில் முழுப்பெயரை வெட்டவில்லை. 'எல்' என்று ஓர் எழுத்து, பக்கத்தில் ஒரு புள்ளி, அதுதான் லூசியஸ். நம் இனிஷியல் போலவே தோன்றும். ஆனால் நாம் அப்பாவின் பெயரைச் சுருக்குகிறோம், அவர்கள் பிள்ளையின் சொந்தப் பெயரையே சுருக்கினார்கள். ஆண் குழந்தைக்கு ஒன்பதாம் நாளிலும் பெண் குழந்தைக்கு எட்டாம் நாளிலும் பெயர் சூட்டுவது அவர்கள் வழக்கம்.

பொருளைப் பார்க்கும்போது போலிகளிடம் ஏமாறாதீர்கள். கைப்பேசியில் தேடினால் 'ஒளி' என்ற தலைப்பில் லூக்காவையும் சேர்த்துவிடுவார்கள். லூசியஸின் சுருக்கம்தான் அது என்பாரும் உண்டு. ஆனால் தெற்கு இத்தாலியிலிருந்த லூகானியா என்ற நாட்டுப் பெயரோடு அதைச் சேர்ப்பவர்கள்தான் அதிகம். அலோசியஸ் கதை இன்னும் வேடிக்கை. அந்தப் புனிதரை நாம் தலைமுறை தலைமுறையாக ஞானப்பிரகாசியார் என்கிறோம். தமிழில் பிரகாசம் இருக்கிறது, மூலத்தில் இல்லை. அது ஜெர்மானிய வேர்ப் பெயர், லூயிஸ் என்பதற்கு உறவு. எங்கள் குடும்பத்தில் மூன்று ஞானப்பிரகாசங்கள். யாரிடமும் நான் இதைச் சொல்லவில்லை.

அடுத்து, வீட்டுப் பெரியவர்களுக்குப் பதில் தயார் செய்துகொள்ளுங்கள். எந்தப் பெயருக்கும் ஓர் அத்தை இருப்பாள். எங்கள் வீட்டில் என் நாத்தனார். "லூசிபர் மாதிரி கேட்கிறதே, மைனி" என்றாள். வேர் ஒன்றுதான், மறுக்க முடியாது. 'லூசிபர்' என்றால் ஒளியைத் தாங்கி வருபவன். இலத்தீனில் அது விடிவெள்ளியின் பெயர். ஏசாயா 14-ஆம் அதிகாரத்தில் பாபிலோன் மன்னனை விழுந்த விடிவெள்ளியாகப் பாடும் வரி இலத்தீன் விவிலியத்தில் அந்தச் சொல்லோடு வந்தது. பிற்காலத்தில் அது சாத்தானின் பெயராக ஒட்டிக்கொண்டது. அதே சொல்லைப் பெயராக வைத்துக்கொண்டு நான்காம் நூற்றாண்டில் சார்தீனியாத் தீவின் காலியாரி நகரில் ஓர் ஆயர் இருந்தார். இதைச் சொன்னதும் நாத்தனார் அடங்கவில்லை. லூசியஸ் என்ற பெயரில் மூன்று திருத்தந்தையர் இருந்தார்கள், முதலாமவர் 253-இல் பொறுப்பேற்றார் என்று சொன்ன பிறகுதான் அடங்கினாள். வாதத்துக்குப் போகும்போது ஆயரைவிடத் திருத்தந்தையோடு தொடங்குங்கள்.

வரலாறு படித்தவர்கள் வேறு விதமாக வருவார்கள். கொடுங்கோலன் நீரோ பிறந்தபோது வைத்த பெயர் லூசியஸ் என்பார்கள், உண்மைதான். ரோமின் பழைய குலங்களில் ஒன்றான கிளாடியர் குலத்தார் தங்கள் பிள்ளைகளுக்கு லூசியஸ் என்று வைப்பதையே விட்டுவிட்டார்கள். அந்தப் பெயரில் ஒருவன் கொள்ளையடித்தும் மற்றொருவன் கொலை செய்தும் தண்டனை பெற்றதுதான் காரணம். ஒரு பெயரையே குலத்தைவிட்டுத் தள்ளிவைத்த இந்தச் செய்தி எனக்கு மிகவும் பிடித்திருந்தது. மறுபக்கம், மன்னராட்சியை ஒழித்துக் கி.மு. 509-இல் ரோமின் முதல் இரண்டு கான்சல்களில், அதாவது ஆட்சித் தலைவர்களில், ஒருவரானதாகச் சொல்லப்படும் புரூட்டஸும் லூசியஸ்தான், தத்துவ அறிஞர் செனெகாவும் லூசியஸ்தான். கணக்கு நேராகிவிடும்.

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறேன். எந்த வடிவத்தை எடுப்பது?

லூசியஸ், லூசியன், லூசியானோ, லூச்சோ எல்லாம் ஒரே வீட்டுப் பிள்ளைகள். லூசியன் என்ற வடிவம் கேட்க இனிமையானது. தமிழ் ஆண்பாலுக்கு ஏற்ற 'அன்' அதன் கடைசியில் தானாகவே வந்து உட்கார்ந்திருக்கிறது. நிலவுக்குப் பயணம் போவதாக இரண்டாம் நூற்றாண்டிலேயே கதை கட்டிய கிரேக்க மொழி நையாண்டிக்காரர் ஒரு லூசியன். 312-இல் மறைசாட்சியாக இறந்த அந்தியோக்கியா லூசியன் இன்னொருவர். அவர் நாள் ஜனவரி 7. திருநாள் கொண்டாட ஒரு தேதி வேண்டும் என்பவர்கள் இதைப் பார்க்கலாம். நான் மூன்று நாள் இதன் பக்கம்தான் சாய்ந்திருந்தேன். ஆனால் 'லூசி' அதிலும் முன்னால் நிற்கிறது.

வழி கிடைத்தது பழைய தமிழ் பைபிளில். அப்போஸ்தலர் நடபடிகள் 13-ஆம் அதிகாரம் முதல் வசனத்தில், அந்தியோகியா சபையிலிருந்தவர்களைச் சொல்லும்போது, சிரேனே ஊரானாகிய லூகி என்று ஒருவர் வருகிறார். அவர் நம் லூசியஸேதான். கிரேக்க மூலத்தில் ககரம், ஆகவே தமிழிலும் ககரம். அதற்கு மேல் ஒன்றும் உண்டு. செனெகா காலத்து ரோமானியர்களே அந்த எழுத்தைச் சகரமாகச் சொல்லவில்லை, ககரமாகத்தான் சொன்னார்கள். சகரம், பின்னால் வந்த மக்கள் நாக்கில் புரண்டு மாறியது. ஆக லூக்கியஸ் என்பது நாம் கேலிக்குப் பயந்து செய்த ஒட்டு வேலை இல்லை, அதுதான் அசல் உச்சரிப்பு. அன்று இரவு மகனுக்குச் செய்தி அனுப்பினேன்: "சகரத்தை எடுத்துவிட்டால் சம்மதம்."

தமிழில் எழுதும்போது 'லூகியஸ்' என்று ஒற்றைக் ககரம் போடாதீர்கள். உயிருக்கு நடுவில் வரும் தனிக் ககரத்தை நம் வாய் மெலிதாக்கிவிடும். பகல், நகம் என்பதில் வருவதைப் போல. க் என்ற ஒற்றைச் சேர்த்து லூக்கியஸ் என்று எழுதினால்தான் ஒலி கெட்டியாக நிற்கும். லகரத்தில் சொல் தொடங்காது என்ற இலக்கணம் பேசி, 'உலூக்கியஸ்' என்று எழுதச் சொன்னார் என்னோடு வேலை பார்த்த தமிழாசிரியர் ஒருவர். அவருக்கு மரியாதை, ஆனால் லாரியையும் லட்டையும் ஏற்றுக்கொண்ட மொழி என் பேரனையும் ஏற்றுக்கொள்ளும்.

ஆங்கிலத்தில் எழுதுவதில்தான் சண்டை வரும். 'சி' எழுத்தைப் போட்டால் உலகம் முழுவதும் லூசியஸ் என்றே வாசிப்பார்கள், நீங்கள் பாடுபட்டதெல்லாம் வீண். 'கே' போடுங்கள். பார்க்கக் கொஞ்சம் புதிதாக இருக்கும், எண்கணிதக்காரர் ஒருவர் வந்து இன்னொரு 'யு' சேர்க்கச் சொல்வார். எங்கள் பக்கம் கிறிஸ்தவர்களும் மறைவாகப் போய் எண் பார்ப்பது உண்டு, அதனால் சொல்கிறேன். சேர்க்காதீர்கள். ஒவ்வொரு கூடுதல் எழுத்தும் பின்னால் ஓர் அலைச்சல்.

காகிதத்தில் ஏற்றுமுன் வாசலில் ஏற்றிப் பாருங்கள். சாயங்காலம் தெருமுனைக்குக் கேட்கும்படி ஐந்து முறை கூப்பிடுங்கள். நான் கூப்பிட்டேன், பிள்ளை இன்னும் வயிற்றில் இருக்கும்போதே. ஐந்தாவது முறைக்குள் அது 'லூக்கி' என்று சுருங்கிவிட்டது. இதில் ஓர் அழகு பிறகுதான் தெரிந்தது. இலத்தீனிலும் விளி வேற்றுமை உண்டு. லூக்கியஸ் என்பவனைக் கூப்பிட வேண்டுமானால் ரோமானியத் தாயும் கடைசி 'அஸ்'ஸை விட்டுவிட்டு 'லூக்கீ' என்றுதான் கூப்பிட்டிருப்பாள். பிள்ளைகள் இதை 'லக்கி' ஆக்கலாம், ஆக்கட்டும். எதிர்வீட்டு நாய்க்கும் அதே பெயர் என்பதை மட்டும் மகனிடம் இதுவரை சொல்லவில்லை.

பக்கத்து வீட்டுப் பெண் இந்து. தன் பிள்ளைக்கு நட்சத்திர எழுத்து பார்த்து வைக்க வேண்டும் என்பவள். பரணிக்கு லி, லு, லே, லோ என்பார்கள். அந்த எழுத்துகளுக்குத் தமிழில் பெயர் கிடைக்காமல் திண்டாடும் வீடுகள் எத்தனையோ. அவளுக்கும் இந்தப் பெயர் பொருந்தும் என்று சொன்னேன், யோசிக்கிறாள். நெடில் செல்லுமா என்று அவர்கள் வீட்டு ஜோசியரைக் கேட்டுக்கொள்ளட்டும்.

எங்கள் கத்தோலிக்கக் கோயிலில் தடை வராது. 1983-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டத் தொகுப்பில் 855-ஆம் விதி, கிறிஸ்தவ உணர்வுக்கு அந்நியமான பெயர் வேண்டாம் என்று மட்டுமே கேட்கிறது. பங்குத்தந்தை தயங்கினால் அந்த நடபடிகள் வசனத்தைக் காட்டுங்கள், போதும். இலத்தீன் ஒலியே வேண்டாம், பொருள் மட்டும் போதும் என்றால் மொழிபெயர்க்கவும் நமக்குப் பழைய வழி இருக்கிறது. வீரமாமுனிவர் என்று நாம் அறிந்த கொஸ்தான்சோ பெஸ்கி இங்கே முதலில் தைரியநாதர் ஆனார். 1745-இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்ற நீலகண்ட பிள்ளைக்கு லாசர் என்ற பெயர் தமிழாகி, தேவசகாயம் என்று வந்தது. அந்தக் கணக்கில் லூசியஸுக்குச் சுடரொளி என்றோ பிரகாசம் என்றோ வைக்கலாம். எங்கள் வீட்டில் பிரகாசம் ஏற்கெனவே மூன்று.

கடைசியாகக் காகித வேலை. இதைத் தள்ளிப்போடுகிறவர்கள்தான் அதிகம். பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயர் அப்போதே முடிவாகியிருக்க வேண்டியதில்லை. பெயரில்லாமல் பதிந்துவிட்டு 12 மாதத்துக்குள் கட்டணமில்லாமல் சேர்க்கலாம். அதற்குப் பிறகு 15 வருடம் வரை தாமதக் கட்டணத்தோடு சேர்க்கலாம். ஆகவே அவசரத்தில் வாயில் வந்ததை எழுதிக் கொடுக்காதீர்கள். சான்றிதழில் தமிழிலும் ஆங்கிலத்திலும் பெயர் வரும். இரண்டையும் ஒரு துண்டுத் தாளில் பெரிய எழுத்தில் எழுதி எடுத்துக்கொண்டு போங்கள், வாயால் சொல்லாதீர்கள். என் மாணவன் ஒருவனுக்குப் பிறப்புச் சான்றிதழில் ஓர் எழுத்துக்கூட்டல், பள்ளி மாற்றுச் சான்றிதழில் வேறு, பத்தாம் வகுப்பு மதிப்பெண் பட்டியலில் இன்னொன்று. பாஸ்போர்ட் வாங்கப் போனபோது மூன்றும் மூன்று ஆள் என்றார்கள். அரசிதழில் பெயர் மாற்றம் போட்டு முடிவதற்குள் அவனுக்குக் கிடைத்த வேலை கைவிட்டுப் போனது. பத்தாம் வகுப்புப் பெயர்ப்பட்டியல் அனுப்புமுன் வீட்டில் கையெழுத்து வாங்குவார்களே, அந்தத் தாளைப் படிக்காமல் கையெழுத்துப் போடும் அப்பாக்களை நான் முப்பது வருடமாகத் திட்டியிருக்கிறேன்.

நாங்கள் போன அன்று, துண்டுத் தாள் கொடுத்தும், முதல் பிரதியில் 'சி' தான் வந்தது. தட்டச்சு செய்த பெண் தவறு என்று நினைத்துத் திருத்தியிருக்கிறாள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வோர் எழுத்தாக விரல் வைத்துப் பார்த்தேன். "இது கே, அம்மா" என்றேன். "கேயா? அப்படி யாரும் எழுத மாட்டார்களே" என்றாள். "இவன் எழுதுவான்" என்றேன். சிரித்துக்கொண்டே மாற்றிக் கொடுத்தாள். மேசையைவிட்டு நகருமுன் இன்னொரு முறை பார்த்தேன், நீங்களும் பாருங்கள்.

பிள்ளைக்கு இப்போது பத்து மாதம். நான் 'லூக்கி' என்றால் தவழ்ந்து வருகிறான். மகன் மட்டும் வீடியோவில் வரும்போதெல்லாம் 'லூச்சோ' என்கிறான், சமையல்காரர் பெயரை. அதற்கும் திரும்பிப் பார்க்கிறான்.