கனவுலகில் ஒரு நஞ்சு: கதை எழுதுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பெங்களூரில் தமிழில் மிகுபுனைவு (ஃபேன்டஸி) எழுதும் இளைஞர்கள் இப்போது நிறைய இருக்கிறார்கள். பகலில் ஒயிட்ஃபீல்டிலோ எலக்ட்ரானிக் சிட்டியிலோ வேலை, இரவில் கதை. அவர்கள் வாசிக்கக் கொடுக்கும் கதைகளில் கனவுலகம் அடிக்கடி வருகிறது. அந்த உலகில் கட்டாயம் ஒரு கொடிய பொருளும் இருக்கிறது: கறுப்புப் பொடி, ஒளிரும் திரவம், பாடும் கல் என்று ஏதோ ஒன்று. கற்பனைக்குக் குறைவே இல்லை. ஆனாலும் அந்தப் பொருளைப் பார்த்து வாசகருக்குப் பயம் வருவதில்லை. காரணம் தேடிப் போனால், திரும்பத் திரும்ப அதே சில தவறுகள்தான்.

அதிகம் பார்ப்பது, தொட்டவுடன் சாவு. ‘தொட்டான், செத்தான்’ என்று எழுதிவிட்டால் அப்புறம் அந்தப் பொருளுக்குக் கதையில் வேலையே இல்லை. எந்த நஞ்சுக்கும் ஓர் அளவு உண்டு, உடம்புக்குள் போகும் வழி உண்டு, வேலையைக் காட்ட எடுத்துக்கொள்ளும் நேரம் உண்டு. அளவுதான் ஒன்றை நஞ்சாக்குகிறது என்று பாராசெல்சஸ் என்ற ஐரோப்பிய மருத்துவர் 1538-லேயே எழுதிவிட்டார். பாதரசத்தை எடுத்துக்கொள்ளுங்கள். உடைந்த தெர்மாமீட்டரிலிருந்து தரையில் உருளும் அந்த வெள்ளி மணி, வயிற்றுக்குள் போனால் உடம்பில் சேர்வது மிகக் கொஞ்சம். அதே பாதரசம் ஆவியாகி மூச்சில் கலந்தால் பெரும்பகுதி ரத்தத்தில் சேர்ந்துவிடும். கண்ணுக்குத் தெரியும் மணியைவிடத் தெரியாத ஆவிதான் பொல்லாதது. அதை மாதக்கணக்கில் சுவாசித்தவர்களுக்கு உடனே உயிர் போவதில்லை. கை நடுங்கும், ஈறு வீங்கும், எதற்கெடுத்தாலும் எரிச்சல் வரும், நாலு பேர் முன்னால் நிற்கவே கூச்சமாக இருக்கும். கலகலவென்று பேசிக்கொண்டிருந்த ஒருத்தி, மூன்று அத்தியாயங்களுக்குள் வாசல் கதவைத் திறக்கவே தயங்குகிறாள் என்று எழுதிப் பாருங்கள். வாசகர் பதறிப்போவார்.

அடுத்த தவறு, அந்தப் பொருளை அருவருப்பாக மட்டும் காட்டுவது. நாற்றம் அடிக்கும், புழு நெளியும், பச்சையாகக் கொதிக்கும். சரி, அப்படியிருந்தால் யார் கிட்டே போவார்கள்? கியூரி தம்பதியர் 1898-ல் கண்டுபிடித்த ரேடியத்தின் கதை இங்கே உதவும். அமெரிக்காவில் நியூ ஜெர்சியில், இருட்டில் ஒளிரும் கடிகார முகப்புகளுக்கு இளம்பெண்கள் ரேடியம் கலந்த பூச்சைத் தீட்டினார்கள். எண்கள் மெல்லியதாக வரவேண்டும் என்று தூரிகை முனையை உதட்டில் வைத்துக் கூராக்கச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். சிலர் ஆசைக்கு நகத்திலும் பல்லிலும்கூடப் பூசிக்கொண்டார்கள். ரேடியத்துக்கும் கால்சியத்துக்கும் உடம்புக்கு வித்தியாசம் தெரியாது; அப்படியே எலும்பில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடும். சில ஆண்டுகள் கழித்துப் பல் ஆடியது, தாடை எலும்பே அரித்துப்போனது. அந்த ஒளி அழகாக இருந்தது, அந்த வேலைக்கு நல்ல கூலியும் கிடைத்தது. உங்கள் கனவுலகப் பொருளுக்கும் இப்படி ஒரு கவர்ச்சி வேண்டும்.

பொருள் எங்கிருந்து வருகிறது என்பதையும் பலர் யோசிப்பதில்லை. வில்லனின் பெட்டியில் இருக்கிறது, அவ்வளவுதான். பெங்களூரில் இருப்பவர்களுக்கு இதற்கு உதாரணம் வெளியே தேட வேண்டாம், பெல்லந்தூர் ஏரி போதும். சுத்திகரிக்காத கழிவுநீரும் அதில் கலந்த சோப்புத்தூளும் சேர்ந்து, மழை பெய்து தண்ணீர் மதகில் விழும்போது வெள்ளை வெளேரென்று நுரை மலைபோல் எழும்பும். காற்றடித்தால் சாலையில் போகிறவர்கள் மேல் பறந்து விழும். 2015-ல் அந்த நுரையே தீப்பிடித்து எரிந்தது. நுரை சாலைக்கு வராமல் கம்பிவலை கட்டினார்கள், மக்கள் முகத்தில் துணி கட்டிக்கொண்டு வண்டி ஓட்டினார்கள். அந்த நுரைக்கு ஒரு பருவம் இருந்தது, ஓர் இடம் இருந்தது, ஊரே சேர்ந்து உண்டாக்கிய காரணம் இருந்தது. அதைச் சுற்றி வாழப் பழகிய மனிதர்களும் இருந்தார்கள். கனவுலகத்தை எழுதுகிறவர் இந்த நான்கையும் யோசித்துவிட்டால் பாதிக் கதை கையில் வந்துவிடும்.

எல்லாவற்றிலும் பெரிய தவறு, கனவு என்பதையே மறந்துவிடுவது. கனவில் குடித்த நஞ்சு விழித்தால் போய்விடும் என்றால் யாருக்கும் பயமில்லை. விழித்த பிறகும் அப்படியே கொல்லும் என்றால் அது கனவுலகமாக இருக்கவேண்டிய அவசியமே இல்லை. எது எல்லை தாண்டும், எது தாண்டாது என்று நீங்கள்தான் முடிவு செய்யவேண்டும். உறக்க ஆராய்ச்சியும் இதற்குக் கைகொடுக்கும். விழிகள் வேகமாக அசையும் உறக்க நிலையைப் பற்றி 1953-ல் அசெரின்ஸ்கி, கிளைட்மன் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் எழுதி வெளியிட்டார்கள். தெளிவான கனவுகள் பெரும்பாலும் அப்போதுதான் வருகின்றன. அந்த நேரத்தில் மூளை கைகால் தசைகளைக் கட்டிப்போட்டுவிடும். கட்டு அவிழுமுன் விழிப்பு வந்துவிட்டால் அசைய முடியாமல், நெஞ்சில் யாரோ உட்கார்ந்திருப்பதுபோல் இருக்கும். நம் ஊரில் அதைத்தான் அமுக்குவான் பேய் என்கிறார்கள். கனவுக்கும் விழிப்புக்கும் நடுவிலுள்ள அந்தச் சில நொடிகளில் உங்கள் பொருள் என்ன செய்யும்?

உதாரணத்துக்கு ஒரு பொருளை நானே சொல்கிறேன். பெயர் கானல் மெழுகு. கனவுலகத்து மரப்பட்டையில் கசியும். ஏற்றினால், இறந்துபோன ஒருவரின் குரல் அது எரியும் வரை கேட்கும். ஆனால் அந்தப் புகையைச் சுவாசித்தவரை விழித்திருக்கும் உலகில் ஒருவர் மறந்துவிடுவார். கடைசியாக அறிமுகமானவர் முதலில் மறப்பார், அம்மா கடைசியில் மறப்பார். கனவுலகத்து மனிதர்களுக்கு ஒன்றும் ஆகாது. அவர்கள் வீட்டில் அது வெறும் விளக்கு.

இதை முதல் பக்கத்திலேயே பாடமாக ஒப்பிக்கக் கூடாது. கே.ஆர். மார்க்கெட் மாதிரி ஒரு கனவுச் சந்தையில், மெழுகு விற்பவரும் வாங்க வந்த பெண்ணும் பேசட்டும்.

“அண்ணே, இது என்ன விலை?”

“முதல்ல கையை எடும்மா. அந்தப் பக்கம் உன்னைத் தெரிஞ்சவங்க எத்தனை பேரு?”

“நாலு பேரு இருப்பாங்க.”

“அப்ப உனக்கு இது கட்டுப்படியாகாது. போயிட்டு வா.”

விதி என்னவென்று இன்னும் யாரும் சொல்லவில்லை, ஆனால் வாசகர் அந்த நாலு பேரை எண்ணத் தொடங்கிவிடுவார்.

கடைசி அத்தியாயத்தில் திடீரென்று முளைக்கும் மாற்று மருந்தும் ஒரு தவறு. பாற்கடலில் வந்த ஆலகாலத்தைப் பாருங்கள். அமுதம் வேண்டிக் கடைந்த அதே கடலில்தான் நஞ்சும் வந்தது. சிவன் அதை உண்டார், ஆனால் அது மறைந்துவிடவில்லை. கழுத்திலேயே நின்று அதை நீலமாக்கிவிட்டது. தீர்வு கிடைத்தாலும் தழும்பு மிஞ்சவேண்டும். கானல் மெழுகுக்கும் ஒரு மாற்று வைக்கலாம்: மறந்தவரிடம் போய்த் தன்னைப் புதிதாக அறிமுகப்படுத்திக்கொள்ளலாம், பழைய நினைவு மட்டும் திரும்பாது. அப்படி ஒன்று வைப்பதாக இருந்தால், இரண்டாம் அத்தியாயத்திலேயே யாரோ ஒருவர் அதைச் செய்து பார்ப்பதைப் போகிற போக்கில் காட்டிவிடுங்கள்.