சிறிய காற்றாலையின் மின்சாரத்தைப் பேட்டரியில் சேமிப்பது எப்படி?

சோலார் பேனலைப் பேட்டரியிலிருந்து கழற்றிவிட்டால் அது பாட்டுக்கு வெயிலில் கிடக்கும். சுழன்றுகொண்டிருக்கும் காற்றாலையை அப்படிக் கழற்றிவிடக் கூடாது. லோடு (மின்சாரத்தை இழுக்கும் சுமை) இல்லாத இறக்கை வேகமெடுத்துக்கொண்டே போகும், வோல்டேஜ் பல மடங்கு ஏறும், பேட்டரியின் சார்ஜைக் கட்டுப்படுத்தும் கன்ட்ரோலர் கருகும். காற்று பலமாக இருந்தால் இறக்கையே முறியும். சுழலும் இறக்கைக்குப் பேட்டரிதான் கடிவாளம். அதனால் சேமிப்பு அமைப்பை வடிவமைக்கும்போது, பேட்டரி நிறைந்த பிறகு மின்சாரம் எங்கே போகும் என்பதை முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள்.

கீழே உள்ள கணக்குகள் 2 மீட்டர் விட்டமுள்ள இறக்கை, அதிகபட்சம் 1000 வாட், 24 வோல்ட் பேட்டரி என்ற அமைப்புக்கானவை. உங்கள் அளவுக்கு ஏற்ப எண்களை மாற்றிக்கொள்ளுங்கள்.

எவ்வளவு கிடைக்கும், எவ்வளவு சேமிக்க வேண்டும்

காற்றின் வேகம் இரு மடங்கானால் அதிலுள்ள ஆற்றல் எட்டு மடங்காகும். 2 மீட்டர் இறக்கையின் வட்டத்துக்குள் நொடிக்கு 5 மீட்டர் வேகத்தில் வீசும் காற்றில் சுமார் 240 வாட் இருக்கிறது. அதில் கைக்கு வருவது 60, 70 வாட்தான். நொடிக்கு 10 மீட்டர் வீசினால் 500 வாட்டைத் தாண்டும். பெயர்ப்பலகையில் அச்சிட்டிருக்கும் 1000 வாட் பலத்த காற்றில் மட்டுமே வரும். அதை வைத்துப் பேட்டரி வாங்காதீர்கள். உங்கள் அன்றாடச் செலவையும் காற்றில்லாத நாட்களையும் வைத்துக் கணக்கிடுங்கள்.

நாளுக்கு 1.5 யூனிட் செலவு, காற்று தொடர்ந்து 3 நாள் நின்றுபோகலாம் என்று கொள்வோம். தேவை 4500 வாட்-மணி. இன்வெர்ட்டர் இழப்புக்காக 0.9 ஆல் வகுத்தால் 5000. லெட்-ஆசிட் பேட்டரியைப் பாதிக்குமேல் இறக்கக் கூடாது, ஆகவே 10,000 வாட்-மணி. 24 ஆல் வகுத்தால் சுமார் 415 ஆம்பியர்-மணி. 12 வோல்ட், 200 ஆம்பியர்-மணி பேட்டரிகள் நான்கு போட்டால் 400 ஆம்பியர்-மணி, கிட்டத்தட்டப் போதும்: இரண்டிரண்டாகத் தொடரில் இணைத்து, அந்த இரு வரிசைகளைப் பக்க இணைப்பில் சேருங்கள். 2 வோல்ட் செல்கள் 12 கிடைத்தால் ஒரே தொடராகப் போடுவது இன்னும் நல்லது. பக்க இணைப்பு கூடக் கூட ஒரு வரிசை அதிகமாகவும் இன்னொன்று குறைவாகவும் சார்ஜ் ஏறும்.

லித்தியம் இரும்பு பாஸ்பேட் பேட்டரியை 80 சதவீதம் வரை இறக்கலாம் என்பதால் 25.6 வோல்ட்டில் 245 ஆம்பியர்-மணி போதும்.

டம்ப் லோடு

பேட்டரி நிறைந்ததும் உபரி மின்சாரத்தை வெப்பமாகக் கழிக்கும் ரெசிஸ்டர்களைத்தான் டம்ப் லோடு என்கிறோம். பலரும் கோட்டைவிடுவது இங்கேதான். காற்றாலையின் உச்ச மின்னோட்டத்தைவிட இது கால் பங்காவது அதிகமாக இழுக்க வேண்டும். உச்சம் 40 ஆம்பியர் என்றால் டம்ப் லோடு 50 ஆம்பியர். 28.8 வோல்ட்டில் அதற்கு 0.58 ஓம் வேண்டும். 2.3 ஓம் ரெசிஸ்டர்கள் நான்கைப் பக்க இணைப்பில் போட்டால் கணக்கு சரியாக வரும். ஒவ்வொன்றிலும் 360 வாட் வெப்பம் எழும். 500 வாட்டுக்குக் குறையாத ரெசிஸ்டரை வாங்கி, எரியாத சுவரில், காற்றோட்டம் படும்படி, பேட்டரிக்குத் தள்ளிப் பொருத்துங்கள். நான்கில் ஒன்று போனாலும் மற்ற மூன்றும் ஓரளவு பிடித்து நிறுத்தும் என்பது பிரித்துப் போடுவதன் இன்னொரு பலன்.

வீட்டு வாட்டர் ஹீட்டர் காயிலை இதற்கு மாட்டாதீர்கள். 240 வோல்ட்டில் 3000 வாட் இழுக்கும் காயில், 24 வோல்ட்டில் நூறில் ஒரு பங்கு, அதாவது 30 வாட்தான் இழுக்கும். காற்றாலைக்கு அது இல்லாத மாதிரிதான்.

கன்ட்ரோலர் காற்றாலைக்கென்றே செய்ததாக, உபரியைத் திருப்பிவிடும் வகையாக இருக்க வேண்டும். சோலார் கன்ட்ரோலர் பேட்டரி நிறைந்ததும் இணைப்பைத் துண்டித்துவிடும். காற்றாலைக்கு அது ஆபத்து. தண்ணீர் ஊற்றும் லெட்-ஆசிட் பேட்டரிக்கு 28.8 வோல்ட்டில் டம்ப் தொடங்கட்டும், நிறைந்தபின் பேட்டரி 27 வோல்ட்டில் நிற்கட்டும். இவை 25 டிகிரி வெப்பத்துக்கான அளவுகள். ஒவ்வொரு டிகிரி கூடும்போதும் சுமார் 0.05 வோல்ட் குறையுங்கள், இல்லாவிட்டால் கோடையில் தண்ணீர் வற்றும்.

லித்தியத்தில் கூடுதல் கவனம் தேவை. அதன் உள்ளேயிருக்கும் பாதுகாப்புப் பலகை ஒரு செல் 3.65 வோல்ட்டைத் தொட்டதும் இணைப்பைத் துண்டிக்கும். அந்த நொடியில் கடிவாளம் அறுந்து, ஏறும் வோல்டேஜ் இன்வெர்ட்டரையும் பதம்பார்க்கும். 8 செல் தொடருக்கு டம்ப்பை 27.6 வோல்ட்டிலேயே தொடங்கவைத்தால் பலகை குறுக்கிட வேண்டி வராது. 0 டிகிரிக்குக் கீழே சார்ஜ் ஏற்றவே கூடாது.

கம்பியும் ஃபியூஸும்

காற்றாலையின் ஏ.சி.யை டி.சி.யாக மாற்றும் ரெக்டிஃபையரிலிருந்து பேட்டரிக்கு 30 மீட்டர் தூரம் என்றால் போகவர 60 மீட்டர். 10 சதுர மில்லிமீட்டர் செம்புக் கம்பியில் 40 ஆம்பியர் ஓடும்போது 4 வோல்ட்டுக்கு மேல் வழியிலேயே தொலையும். 25 சதுர மில்லிமீட்டரில் 1.65 வோல்ட்தான். தூரம் இதற்கும் அதிகமானால் 48 வோல்ட்டுக்கு மாறுவதே சரி. ரெக்டிஃபையர் உச்ச மின்னோட்டத்தின் இரு மடங்கைத் தாங்குவதாக, நல்ல ஹீட் சிங்க்குடன் இருக்கட்டும். அதில் மட்டும் 60 வாட்டுக்கு மேல் சூடாகப் போகும்.

ஒவ்வொரு பேட்டரி வரிசையின் பாசிட்டிவ் முனைக்கு அருகிலும் டி.சி.க்கென்றே செய்த ஃபியூஸ் வேண்டும். காற்றாலைக் கம்பியில் 60 ஆம்பியர் போடுங்கள். 40 போட்டால் சூறைக்காற்றில் உருகி, காற்றாலையை அவிழ்த்துவிடும். ரெக்டிஃபையருக்கு முன்னால், காற்றாலையிலிருந்து வரும் மூன்று கம்பிகளையும் ஒன்றோடொன்று ஷார்ட் செய்யும் பிரேக் சுவிட்ச் கட்டாயம். காற்று தணிந்திருக்கும்போது அதைப் போடுங்கள். பலத்த காற்றில் போட்டால் இறக்கை நிற்காமல் ஜெனரேட்டரின் காயில் எரிந்துபோகலாம்.

இணைக்கும் வரிசை: பிரேக் போட்ட நிலையில் பேட்டரியைக் கன்ட்ரோலரில் இணையுங்கள், அடுத்து டம்ப் லோடு, கடைசியாகக் காற்றாலை. பிறகே பிரேக்கை விடுங்கள். கழற்றும்போது பிரேக் முதலில், பேட்டரி கடைசியில்.

பராமரிப்பு

லெட்-ஆசிட் சார்ஜ் ஆகும்போது ஹைட்ரஜன் வெளிவரும். காற்றில் அது 4 சதவீதம் ஆனாலே தீப்பற்ற ஒரு பொறி போதும், ஆகவே பேட்டரி அறையின் உச்சியில் திறப்பு வையுங்கள். மாதம் ஒருமுறை, ஆசிட்டின் அடர்த்தியைக் காட்டும் ஹைட்ரோமீட்டரால் பாருங்கள்: நிறைந்த செல் 1.265 காட்டும், பாதி இறங்கியது 1.190 அளவில் நிற்கும். செல்களுக்குள் 0.050 வித்தியாசம் வந்தால் சமப்படுத்தும் சார்ஜ் (எல்லாச் செல்களும் நிறையும்வரை வேண்டுமென்றே கொடுக்கும் கூடுதல் சார்ஜ்) கொடுங்கள். டிஸ்டில்டு வாட்டரைச் சார்ஜ் முடிந்தபின் ஊற்றுங்கள். முன்பே நிரப்பினால் பொங்கி வழியும்.

வாரக்கணக்கில் காற்றில்லாமல் பேட்டரி அரைகுறையாகக் கிடந்தால் தகடுகளில் சல்பேட் இறுகிக் கொள்ளளவு போய்விடும். சோலார் பேனலைத் தனிக் கன்ட்ரோலர் வழியாகச் சேர்த்து, இரு வாரத்துக்கு ஒருமுறையாவது முழுதாக நிரப்புங்கள். சோலார் கன்ட்ரோலரின் நிறைவு வோல்டேஜை 28.4 வோல்ட்டிலும், நிறைந்தபின் 27க்குச் சற்றுக் கீழேயும் வைத்தால் டம்ப் லோடு வெயிலின் மின்சாரத்தைக் கழிக்காது.

காற்று வீசும் ஒரு நாளில், பேட்டரி நிறைந்திருக்கும்போது, டம்ப் கம்பியை டி.சி. கிளாம்ப் மீட்டரால் அளந்து பாருங்கள். வோல்டேஜ் 29.5ஐத் தாண்டியும் அதில் மின்னோட்டம் இல்லையென்றால், கனமான லோடுகளை ஓடவிட்டு வோல்டேஜை இறக்குங்கள். காற்று தணிந்த முதல் கணத்தில் பிரேக்கைப் போட்டுவிட்டு ரெசிஸ்டர் இணைப்புகளைச் சோதியுங்கள்.